1,80,000 ராண்ட்: ஒரு பிளாஸ்டிக் பட்டறையின் மின் டெபாசிட் தகராறு

2024 நவம்பர் 28, வியாழக்கிழமை காலை பத்தேகால் மணிக்குப் பட்டறையில் மின்சாரம் நின்றது. லோட் ஷெட்டிங், அதாவது முறைவைத்த மின்வெட்டு, திரும்பி வந்துவிட்டதோ என்றுதான் பையன்கள் முதலில் நினைத்தார்கள். மார்ச் 26-க்குப் பிறகு அதுவரை தென்னாப்பிரிக்காவில் அது வரவில்லை. வெளியே போய்ப் பார்த்தால் பக்கத்துப் பட்டறையில் கம்ப்ரஸர் ஓடிக்கொண்டிருக்கிறது. மின்பெட்டிக்குப் பூட்டுப் போட்டுவிட்டு நகராட்சியின் ஒப்பந்தக்காரர் வண்டி கிளம்பிக்கொண்டிருந்தது.

உள்ளே நான்கு மோல்டிங் இயந்திரங்கள். ஒவ்வொன்றின் பேரலிலும், அதாவது பிளாஸ்டிக்கை உருக்கும் குழாயிலும், 220 டிகிரிச் சூட்டில் உருகிய பாலிப்ரொப்பிலீன். ஹீட்டர் அணைந்தால் அது அப்படியே இறுகிக் கல்லாகிவிடும். மின்சாரம் வந்ததும் உடனே பேரலுக்குள் இருக்கும் ஸ்க்ரூவைச் சுழற்றக் கூடாது. பேரலை முழுதாகச் சூடேற்றி, உள்ளே இருப்பதை உருக்கி வெளியே தள்ளிய பிறகுதான் வேலையைத் தொடங்கலாம். அவசரப்பட்டால் ஸ்க்ரூ முறியும். மூன்றாம் நம்பர் இயந்திரத்தில் அதுதான் நடந்தது.

இத்தனைக்கும் உரிமையாளர் அதுவரை ஒரு மாத மின்கட்டணம்கூட நிறுத்தியதில்லை. தகராறு கட்டணத்தைப் பற்றியதே அல்ல, டெபாசிட்டைப் பற்றியது.

நான் கணக்குப் பார்ப்பவன், வக்கீல் அல்ல. குவாசுலு-நட்டால் கரையோரத்தில் இருக்கும் அந்த ஊரின் பெயரையும் நகராட்சியின் பெயரையும் இங்கே விட்டுவிடுகிறேன். தொகைகளை முழு எண்களாக்கியிருக்கிறேன், கணக்கின் விகிதம் மாறவில்லை. உரிமையாளரின் கொள்ளுத்தாத்தா கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலியாக வந்தவர், குடும்பம் டொங்காட்டில் வளர்ந்தது. அவரை நான் அண்ணா என்றுதான் அழைப்பேன். அண்ணாவின் தமிழ் பாட்டியிடமும் கோயிலிலும் கற்றது. பட்டறையில் 22 பேர் வேலை பார்க்கிறார்கள். வாளி மூடி, மசாலா டப்பா, ஐஸ்கிரீம் கிண்ணம் செய்கிறார்கள்.

கடிதம் வந்தது

புரட்டாசி விரதம் தொடங்கிய வாரம். செப்டம்பர் 16 தேதியிட்ட நகராட்சிக் கடிதம் 20-ஆம் தேதி கைக்கு வந்தது. கணக்கைப் பரிசீலித்ததில் தேவையான டெபாசிட் 6,00,000 ராண்ட், கையில் இருப்பது 2014-இல் கட்டிய 2,10,000, மீதி 3,90,000 ராண்டை 30 நாளில் கட்ட வேண்டும். எப்படிக் கணக்கிட்டார்கள் என்று ஒரு வரிகூட இல்லை.

நகராட்சி டெபாசிட்டை உயர்த்தியதே தவறு என்று நான் சொல்லமாட்டேன். மின்சாரத்தை முதலில் கொடுத்துவிட்டுப் பிறகு பணம் வாங்குகிற வியாபாரம் இது. ரீடிங் எடுத்து, பில் போட்டு, கெடு முடிந்து, அறிவிப்பு கொடுத்து, துண்டிக்கப் போவதற்குள் இரண்டு மாத மின்சாரம் போய்விடும். நகராட்சி அந்த மின்சாரத்துக்கு அரசு மின்நிறுவனமான எஸ்காமுக்குப் பணம் கட்டியாக வேண்டும். 2024 மார்ச் இறுதியில் நாட்டின் நகராட்சிகள் எஸ்காமுக்கு வைத்திருந்த பாக்கி 7,400 கோடி ராண்ட். எஸ்காம் கட்டணம் 2023-இல் 18.65 சதவீதமும் 2024-இல் 12.74 சதவீதமும் ஏறியது. 2014-இல் கட்டிய தொகை 2024-இன் இரண்டு மாதக் கட்டணத்தை எப்படித் தாங்கும்? உயர்த்துவதற்குக் காரணம் இருந்தது. எவ்வளவு உயர்த்தலாம் என்பதில்தான் கோளாறு.

அந்த நகராட்சியின் கடன் வசூல் கொள்கையில் விதி தெளிவாக இருந்தது: முந்தைய 12 மாதச் சராசரிக் கட்டணத்தின் இரண்டு மடங்கு. கடிதத்தில் இருந்த 6,00,000-ஐ இரண்டால் வகுத்தால் மாதத்துக்கு 3,00,000. அண்ணாவின் பில்களை மேசைமேல் பரப்பி வைத்துப் பார்த்தேன். 3,00,000 என்கிற எண் மூன்றே மாதங்களுக்குத்தான் பொருந்தியது: ஜூன், ஜூலை, ஆகஸ்ட்.

இங்கே தொழிற்சாலை வைத்திருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. திருப்பூரிலிருந்தும் கோவையிலிருந்தும் புதிதாக வருபவர்களுக்காகச் சொல்கிறேன். நேரவாரிக் கட்டணத்தில் இருக்கும் ஆலைகளுக்கு ஜூன் முதல் ஆகஸ்ட் வரை அதிகத் தேவைக் காலம். குளிருக்கு ஊரே ஹீட்டர் போடும். அந்த மூன்று மாதத்தில் உச்ச நேர யூனிட் விலை 2024-இல் மற்ற மாதங்களின் உச்ச நேர விலையைப்போல் ஏறக்குறைய மூன்று மடங்காக இருந்தது. அதே இயந்திரம், அதே உற்பத்தி, பில் மட்டும் எகிறும். அண்ணாவுக்கு ஒன்பது மாதம் சராசரியாக 1,80,000, குளிர்கால மூன்று மாதம் 3,00,000. ஆண்டுக்கு 25,20,000. பன்னிரண்டால் வகுத்தால் மாதத்துக்கு 2,10,000. இரண்டு மடங்கு 4,20,000. கையில் இருக்கும் டெபாசிட்டைக் கழித்தால் கட்ட வேண்டியது 2,10,000. கேட்டதோ 3,90,000.

வித்தியாசம் 1,80,000 ராண்ட். இந்த எண்ணை நினைவில் வையுங்கள்.

மின்னஞ்சலும் அக்டோபர் பணமும்

நான் இதற்குள் வந்தது நவம்பரில். அதற்கு முன் அண்ணா தானே இரண்டு காரியம் செய்திருந்தார். இரண்டுமே எவரும் செய்யக்கூடியவை.

அக்டோபர் 2-ஆம் தேதி நகராட்சிக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்பினார். பத்து வருடமாக ஒழுங்காகக் கட்டுகிறோம், இது அநியாயம், சிறு தொழிலைக் கொல்லாதீர்கள், மறுபரிசீலனை செய்யுங்கள் என்று மனம் நொந்து எழுதியிருந்தார். படித்தால் எனக்கும் தொண்டை அடைத்தது. அதில் ஓர் எண்கூட இல்லை.

அடுத்து, அக்டோபர் பில்லில் 3,90,000 டெபாசிட் ஒரு தனி இனமாக ஏறி வந்தது. கீழே செப்டம்பர் மின்சாரம் 1,85,000. டெபாசிட் விவகாரம் பேசி முடியட்டும், லைட்ஸ் காசை நிறுத்தக் கூடாது என்று 25-ஆம் தேதி வங்கி வழியாக 1,85,000 கட்டினார். நேர்மையான மனிதர் வேறு என்ன செய்வார்? ஆனால் அந்த நகராட்சியின் கொள்கையில் வரும் பணத்தை வரவு வைக்க ஒரு வரிசை உண்டு. அதில் டெபாசிட் முன்னே, மின்சாரம் பின்னே. கட்டிய 1,85,000 முழுவதும் டெபாசிட் கணக்கில் போய் விழுந்தது. டெபாசிட்டில் இன்னும் 2,05,000 பாக்கி. செப்டம்பர் மின்கட்டணம் கட்டாததாகக் காட்டியது. அதன்மேல் வட்டி. நவம்பர் 11-ஆம் தேதி 14 நாள் துண்டிப்பு அறிவிப்பைக் கேட்டில் ஒட்டிவிட்டுப் போனார்கள்.

“தம்பி, லைட்ஸ் காசு ஒரு மாசமும் நான் நிறுத்தினதில்லே. அரியர்ஸ் எப்படி வரும்?” என்று அண்ணா அந்தத் தாளோடு வந்து நின்றார்.

அப்படி வரவு வைக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. 2000-ஆம் ஆண்டு நகராட்சி அமைப்புகள் சட்டத்தின் 102-ஆம் பிரிவு, ஒருவருடைய பல கணக்குகளை ஒன்றாக்கவும், அவர் கட்டும் பணத்தை அவருடைய எந்தக் கணக்கிலும் வரவு வைக்கவும் நகராட்சிக்கு அதிகாரம் தருகிறது. 2013-இல் ராடமன் வழக்கில் அரசியலமைப்பு நீதிமன்றமும் இதை உறுதிப்படுத்தியது. மின்கட்டணத்தை ஒழுங்காகக் கட்டிவிட்டு வீட்டுவரியை மட்டும் நிறுத்திவைத்தவரின் மின்சாரத்தைத் துண்டித்தது செல்லும் என்றது. மின்சாரக் காசு கட்டினேன் என்பது மட்டும் கவசமாகாது.

கவசம் அதே 102-ஆம் பிரிவின் இரண்டாவது உட்பிரிவில் இருக்கிறது. நகராட்சி கேட்கும் ஒரு குறிப்பிட்ட தொகையைப் பற்றித் தகராறு இருந்தால், அந்தத் தொகை விஷயத்தில் இந்த அதிகாரங்களைப் பயன்படுத்த முடியாது.

‘குறிப்பிட்ட தொகை’ என்ற சொல்லுக்கு எவ்வளவு எடை என்பதை நம் மக்கள் வாழும் இடத்திலிருந்தே கிளம்பிய ஒரு வழக்கு தீர்த்து வைத்தது. டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்தில் உள்ள க்ரொஃப்ட்டீன் மால் உரிமையாளர் அமைப்பு, அந்நகரின் ஈதெக்வினி நகராட்சிமேல் தொடுத்த வழக்கு அது. 2011-இல் புளூம்ஃபொன்டெய்ன் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் வரை போய்த் தோற்றது. பொதுவாக ஆட்சேபம் சொல்லிப் பணம் கட்டுவதைத் தள்ளிப்போட விடக் கூடாது என்பதே அந்தப் பிரிவின் நோக்கம் என்றது நீதிமன்றம். பில்லில் எந்த இனம், எவ்வளவு தொகை, ஏன் ஆட்சேபம் என்று நகராட்சி அடையாளம் காணும் அளவுக்கு விவரம் கொடுத்தால், அந்த இனத்துக்கு மட்டும் பாதுகாப்பு. மீதியை வசூலிக்கலாம். விவரமே கொடுக்காவிட்டால் முழுத் தொகைக்கும் வசூல் நடவடிக்கை எடுக்கலாம்.

இந்தத் தீர்ப்பை நம் சங்கக் கூட்டங்களில் வாசித்துக் காட்ட வேண்டும் என்று எனக்கு ஆசை. எத்தனை பேர் கவுண்ட்டரில் நின்று கத்திவிட்டு, ‘தகராறு பதிந்தாயிற்று’ என்று நம்பி வீட்டுக்குப் போயிருக்கிறார்கள்! அண்ணாவின் மின்னஞ்சலும் அந்த ரகம்தான். சட்டத்தின் கண்ணில் அது தகராறே இல்லை.

நவம்பர் 18-ஆம் தேதிக் கடிதம்

ஒன்றரைப் பக்கக் கடிதம். அதில் உணர்ச்சி வார்த்தை ஒன்றும் வைக்கவில்லை. 12 பில்களின் தொகைகள் ஓர் அட்டவணையாக. கொள்கையின் வாசகம். இரண்டும் சேர்ந்தால் வரும் 4,20,000. கேட்ட 6,00,000-இல் 1,80,000 ராண்டை 102-ஆம் பிரிவின் இரண்டாம் உட்பிரிவின்கீழ் மறுக்கிறோம், காரணம் குளிர்கால மூன்று மாதச் சராசரியை எடுத்தது. மறுக்காத 2,10,000-க்குக் கொள்கை அனுமதிக்கிறபடி வங்கி உத்தரவாதம் தருகிறோம். அக்டோபர் 25-இல் கட்டிய 1,85,000-ஐ மின்கட்டணத்தில் வரவு வைத்து, போட்ட வட்டியை நீக்குங்கள்.

மறுக்காத பகுதியை உடனே ஒப்புக்கொள்ளத் தயங்காதீர்கள் என்று எல்லாரிடமும் சொல்கிறேன். அண்ணாவுக்கு அது பிடிக்கவில்லை. “நாமே ஒத்துக்கிட்டா மீதியையும் கேப்பான்” என்றார். க்ரொஃப்ட்டீன் தீர்ப்பின்படி மறுக்காத பாகத்துக்குத் துண்டிக்கலாம். அதை வெறுமனே விட்டுவைத்தால், மறுத்த 1,80,000-க்குக் கிடைத்த பாதுகாப்பால் பயனே இல்லை.

கடிதத்தை நேரில் கொடுத்து, நகலில் தேதி முத்திரை வாங்கினோம். கூடவே இன்னொரு தாள்: நிர்வாக நீதி மேம்பாட்டுச் சட்டத்தின் 5-ஆம் பிரிவின்கீழ் முடிவுக்கான காரணங்களை எழுத்தில் கேட்கும் விண்ணப்பம். முடிவு தெரிந்த 90 நாளுக்குள் இதைக் கேட்க வேண்டும். பதில் தர அவர்களுக்கும் 90 நாள் உண்டு. டிசம்பரில் வந்த கணக்குத் தாளில் ஜூன், ஜூலை, ஆகஸ்ட் மூன்றும் அச்சாகியிருந்தன.

மின்சார ஒழுங்குமுறைச் சட்டத்தின் 30-ஆம் பிரிவின்படி ஒழுங்குமுறை ஆணையமான நெர்சாவிடமும் முறையிடலாம். 14 நாள் கெடு ஓடிக்கொண்டிருக்கும்போது அதை நம்பி உட்கார முடியாது.

துண்டிப்பு

முத்திரை குத்திய கடிதம் கவுண்ட்டரில் இருந்தது. துண்டிக்கும் பட்டியல் வேறொரு அலுவலகத்தில் தயாரானது. 28-ஆம் தேதி வண்டி வந்தது. கேட்டில் நின்ற பட்டறை மேலாளர் கடித நகலைக் காட்டினார். வந்தவர்களுக்கு அதைப் படித்து முடிவெடுக்கும் அதிகாரம் இல்லை. கையில் இருந்த பட்டியலில் கணக்கு எண் இருந்தது, பூட்டினார்கள். அவர்கள்மேல் எனக்குக் கோபம் இல்லை.

வக்கீல் அன்று மாலையே உயர் நீதிமன்றத்துக்கான அவசர மனுவைத் தயாரித்தார். நானும் அண்ணாவும் இரவு பதினோரு மணிவரை பிரமாணப் பத்திரத்துக்கு இணைப்புகள் அடுக்கினோம். ஒரு விஷயம் அப்போதுதான் கற்றேன். வைத்திருந்ததைப் பறித்தால் முதலில் திருப்பிக் கொடு என்று கேட்கும் பழைய பரிகாரம் ஒன்று இங்கே உண்டு. மின்சாரத்துக்கும் அதைக் கேட்கலாமே என்றேன். 2019-இல் எஸ்காம் எதிர் மசிண்டா வழக்கில் அந்தக் கதவை மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏறக்குறைய அடைத்துவிட்டது என்றார் வக்கீல். மின்விநியோகம் ஒப்பந்தத்தில் பிறக்கும் உரிமை, இடத்தின் உடைமையோடு ஒட்டியது அல்ல என்பது தீர்ப்பு. ஆகவே மனு முழுவதும் 102-ஆம் பிரிவின்மேலும், தகராறு பதிந்த பிறகும் துண்டித்தார்கள் என்பதன்மேலும் நின்றது. 2009-இல் ஜோசப் வழக்கில் ஜோஹன்னஸ்பர்க் குடித்தனக்காரர்களுக்காக அரசியலமைப்பு நீதிமன்றம் சொன்னதும் துணைக்கு வந்தது: துண்டிப்பது நிர்வாக நடவடிக்கை, அதற்கு முன் நியாயமான அறிவிப்பு வேண்டும். அறிவிப்பு கொடுப்பதே எதிர்த்தரப்பு பதில் சொல்லத்தானே. பதிலை வாங்கி வைத்துக்கொண்டு படிக்காமலே பூட்டினால் அந்த 14 நாளுக்கு என்ன பொருள்?

மனுவின் நகல் வெள்ளிக்கிழமை நகராட்சியின் சட்டப் பிரிவுக்குப் போனது. சனிக்கிழமை மதியம் பூட்டைத் திறந்தார்கள். வழக்கு விசாரணைக்கே வரவில்லை.

மேல்முறையீடு

அக்டோபர் 2-ஆம் தேதி மின்னஞ்சல் ஒரு தகராறாகச் செல்லாது என்றேன். ஆனால் அதுவே வேறொரு இடத்தில் எங்களைக் காப்பாற்றியது. நகராட்சி அமைப்புகள் சட்டத்தின் 62-ஆம் பிரிவின்படி, அதிகாரம் பகிர்ந்தளிக்கப்பட்ட அலுவலர் எடுத்த முடிவால் உரிமை பாதிக்கப்பட்டவர் 21 நாளுக்குள், காரணத்தோடு, எழுத்தில் நகராட்சி மேலாளருக்கு மேல்முறையீடு செய்யலாம். செப்டம்பர் 20-இல் கடிதம் கிடைத்து 12-ஆம் நாள் அண்ணா எழுதிவிட்டார். ‘மறுபரிசீலனை செய்யுங்கள்’ என்ற வார்த்தையும் அதில் இருந்தது. அதை மேல்முறையீடாக ஏற்க வேண்டும், நவம்பர் 18 கடிதத்தை அதன் விரிவாகக் கொள்ள வேண்டும் என்று வக்கீல் வாதித்தார். ஏற்றுக்கொண்டார்கள். கெடுவுக்குள் எதையாவது எழுதி வைத்தது அவ்வளவு பெரிய உதவி.

முடிவு 2025 பிப்ரவரியில், தைப்பூசக் காவடி முடிந்த வாரத்தில் வந்தது. மூன்று மாதச் சராசரி தவறு என்று ஒப்புக்கொண்டார்கள். ஆனால் 4,20,000-ஐ அப்படியே ஏற்கவில்லை. 12 மாதக் கணக்கில் 2023 செப்டம்பர் முதல் 2024 மார்ச் வரையிலான லோட் ஷெட்டிங் மாதங்களும் அடங்கியிருந்தன. அப்போது பட்டறை பல மணி நேரம் ஜெனரேட்டரில் ஓடியது. நகராட்சி மின்சாரத்தின் பயன்பாடு குறைவாகத் தெரிந்தது அதனால்தான், இனி அப்படி இருக்காது என்றார்கள். வழக்கத்துக்கு மாறான மாதங்களைச் சரிக்கட்டக் கொள்கையில் இடம் இருந்தது. நேர்மையான வாதம். நாங்கள் கொடுத்த டீசல் ரசீதுகளே அதை நிரூபித்தன. மாதச் சராசரி 2,25,000 என்று வைத்து, டெபாசிட் 4,50,000 ஆனது. கூடுதலாகக் கேட்டது 2,40,000. வட்டியை நீக்கினார்கள், 1,85,000 மின்கட்டணத்தில் வரவானது. மறு இணைப்புக் கட்டணத்தைத் திருப்பித் தரவில்லை.

கூடுதல் 2,40,000-க்குப் பணம் கட்டாமல் வங்கி உத்தரவாதம் கொடுத்தோம். வங்கி அதற்கு ஈடாக ஒரு நிலை வைப்பை எழுதி வாங்கிக்கொண்டது, ஆண்டுக் கட்டணமும் உண்டு. ஆனாலும் அந்த வைப்புக்கு வட்டி வருகிறது. நகராட்சியில் ரொக்கமாகக் கிடக்கும் 2,10,000-க்கு 2014 முதல் ஒரு செண்ட் வட்டி இல்லை, கொள்கையே அப்படி. கேட்டபடி 3,90,000-ஐ ஓவர்டிராஃப்டில் எடுத்துக் கட்டியிருந்தால், 2024 மத்தியில் இருந்த 11.75 சதவீத அடிப்படை வட்டியிலேயே ஆண்டுக்கு 45,825 ராண்ட் போயிருக்கும். பட்டறையில் அது ஒருவருக்குப் பல மாதச் சம்பளம்.

கோவையில் பவுண்டரிகளுக்குக் கணக்கு எழுதிய காலத்தில், ஏ.சி.சி.டி. என்கிற கூடுதல் மின்நுகர்வு டெபாசிட் நோட்டீஸ் வந்தால் முதலாளிகள் முணுமுணுப்பார்கள். ஆனால் அங்கே டெபாசிட்டுக்கு வட்டி உண்டு, பில்லிலேயே கழிந்து வரும். அதுவும் எளிதாகக் கிடைத்ததல்ல. ஃபெர்ரோ அலாய்ஸ் நிறுவனம் ஆந்திர மின்வாரியத்துக்கு எதிராக நடத்திய வழக்கில், இது வங்கியில் போடும் வைப்பைப் போன்றதல்ல, விதியில் சொல்லாவிட்டால் வட்டி கேட்க முடியாது என்று 1993-இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பத்தாண்டு கழித்து வந்த 2003 மின்சாரச் சட்டத்தின் 47-ஆம் பிரிவு வட்டியைக் கட்டாயமாக்கியது. முன்கட்டண மீட்டருக்குச் சம்மதிப்பவரிடம் டெபாசிட் கேட்கவே கூடாது என்றும் அதே பிரிவு சொல்கிறது. இங்கேயும் அப்படி ஒரு விதி வேண்டும். நகராட்சிகள் ஆண்டுதோறும் வரவுசெலவுத் திட்டத்தோடு கடன் வசூல் கொள்கையையும் மக்கள் கருத்துக்கு வைக்கின்றன. நம் தொழில் சங்கங்கள் அங்கே போய் இதைக் கேட்க வேண்டும்.

ஒரு சிறு குறிப்பு: டெபாசிட் தொகையின்மேல் வாட் என்கிற மதிப்புக் கூட்டு வரி வராது. அது கட்டணத்துக்கு ஈடுசெய்யப்படும்போதுதான் வாட் வேலைசெய்யும். பில்லில் டெபாசிட் இனத்தின்மேல் 15 சதவீதம் ஏறியிருந்தால் உடனே கேளுங்கள். அதுவும் ‘குறிப்பிட்ட தொகை’தான்.

முறிந்த ஸ்க்ரூ, வீணான மூலப்பொருள், மூன்று நாள் உற்பத்தி, தாமதமான ஆர்டருக்குப் பிடித்தம்: இவற்றுக்கு நட்டஈடு கேட்க வேண்டும் என்பது என் கட்சி. அரசு அமைப்பின்மேல் நட்டஈட்டு வழக்கு போடுவதானால் ஆறு மாதத்துக்குள் எழுத்தில் அறிவிப்பு கொடுக்க வேண்டும். 2002-ஆம் ஆண்டின் 40-ஆம் சட்டம் அப்படிச் சொல்கிறது. எங்களுக்கு 2025 மே 28 வரை நேரம் இருந்தது. அறிவிப்பை எழுதி, தொகைகளை நிரப்பி, கையெழுத்துக்கு அனுப்பினேன். “அந்த ஊர்லேதான் நாளைக்கும் மெஷின் ஓட்டணும் தம்பி” என்றார் அண்ணா. இரண்டு முறை போய்ப் பேசினேன். மே மாதம் முடிந்தது. கையெழுத்தாகாத அந்தத் தாள் என் கோப்பில், நவம்பர் 18 முத்திரை போட்ட நகலுக்கு அடுத்ததாக இருக்கிறது.